முன்வாசல்

போன வருஷம் அறுப்பின் பண்டிகை அன்று எங்கள் ஊர்ச் சபையில் அக்காவுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். பேச என்னை அழைத்திருந்தார்கள். நான் கிறிஸ்தவள் இல்லை. அக்காவின் கையில் கடைசிக் காலத்தைக் கழித்த ஒருத்தியின் மகள் என்பதால் வந்த அழைப்பு அது. பத்து நிமிடம் பேசினேன். தியாகம், தாய்மை, மெழுகுவர்த்தி என்று, மாணவிகள் எழுதினால் நான் சிவப்பு மையில் கோடிடும் சொற்களெல்லாம் அன்று என் வாயிலிருந்தே வந்தன. கூட்டம் கைதட்டியது. அக்கா தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்திருந்தார்.

பந்தி முடிந்து கை கழுவும் இடத்தில் அவரைப் பார்த்தேன். பொன்னாடையை நான்காக மடித்துக் கட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டிருந்தார்.

"டீச்சர், இது இன்னா வெல இருக்கும்?"

"நூத்தம்பது, எரநூறு இருக்கும்க்கா."

"வாங்குன கடையில மாத்திக் குடுப்பானா? பெரியவங்க போடுற பேம்பர்ஸ் ஒரு கட்டு வேணும். தார் சுத்துற ஆயாவுக்குத் தீந்துபோச்சு."

அந்தக் கட்டின் விலை பொன்னாடையைவிட அதிகம். அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

அக்காவின் பெயரை இங்கே எழுதவில்லை. பெண்களின் பெயர்களை மீட்டெடுப்பதுதான் நம் வேலை என்று நம்புகிறவள் நான். அதனால் கேட்டுப் பார்த்தேன். "பேரப் போட்டீங்கன்னா சோளிங்கர்லருந்துகூட ஆளுங்க வருவாங்க. எனக்கு ரெண்டு காலுதான் கீது" என்று சிரித்தார். அந்த இரண்டு காலிலும் முட்டி தேய்ந்துவிட்டது. அவருக்கு வயது அறுபத்தொன்று.

பொதட்டூர்பேட்டையைத் தெரியாதவர்களுக்காகச் சில வரிகள். திருவள்ளூர் மாவட்டம், பள்ளிப்பட்டு வட்டம். திருத்தணியில் இறங்கி வேறு பஸ் பிடிக்க வேண்டும். திருத்தணி வட்டாரம் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது 1960 ஏப்ரல் 1 அன்றுதான். அதுவரை ஆந்திரத்தின் சித்தூர் மாவட்டத்தில் இருந்தோம். இன்றும் கடைத்தெருவில் தமிழில் தொடங்கிய பேச்சு தெலுங்கில் முடியும். ஆடிக் கிருத்திகைக்கு ஊரே காவடியோடு தணிகை மலைக்குக் கிளம்பும். மற்ற நாட்களில் ஊரின் சத்தம் தறியின் சத்தம். இப்போது விசைத்தறி. நான் சிறுமியாக இருந்தபோது எங்கள் வீட்டில் கைத்தறி.

தறியில் உட்கார்ந்து நெய்வது அப்பா. தார் சுற்றுவது அம்மா. நாடாவுக்குள் வைக்கும் சின்னக் குழலில் ஊடை நூலைச் சுற்றித் தருவதுதான் தார் சுற்றுவது. அது தீர்ந்தால் தறி நின்றுவிடும். விடியற்காலையில் அடுப்பு மூட்டுவதற்கு முன்பும் ராத்திரி பாத்திரம் கழுவிய பிறகும் அம்மா ராட்டையில் உட்கார்ந்திருப்பாள். துணிக்கான கூலி வாரம் ஒருமுறை வரும். கூலி நோட்டில் அப்பாவின் பெயர் மட்டும் இருக்கும். தார் சுற்றியதற்குத் தனிக் கூலி கிடையாது, துணிக் கூலிக்குள் அது அடக்கம். பிற்பாடு பெண்களின் உழைப்பைப் பற்றி நான் எழுதிய கட்டுரைகளிலெல்லாம் இந்த நோட்டு எங்காவது ஓர் இடத்தில் வந்துவிடும்.

எழுதாமல் விட்டது ஒன்று உண்டு. பண்டிகை நெருங்கி வேலை அதிகமானால் தார் சுற்ற அம்மா கூலிக்கு ஆள் வைத்துக்கொள்வாள். காலனியிலிருந்து வரும் இளம்பெண் ஒருத்தி பின்வாசல் வழியாக வந்து, கொல்லைத் தாழ்வாரத்தில் உட்கார்ந்து சுற்றிவிட்டு, பின்வாசல் வழியாகவே போவாள். அவளுக்குக் காபி ஊற்றும் டம்ளர் கொல்லைச் சுவரில் தனியாகக் கவிழ்த்து வைக்கப்பட்டிருக்கும். அந்தப் பெண்தான் அக்கா.

அம்மா எழுபத்து நான்காவது வயதில் குளியலறையில் வழுக்கி விழுந்தாள். எங்கள் பக்கத்தில் எலும்பு முறிந்தால் முதலில் நினைவுக்கு வருவது ஆந்திராவில் இருக்கும் புத்தூர். புத்தூர்க் கட்டு என்றால் தெரியாதவர்கள் இல்லை. அண்ணன் அங்கேதான் கூட்டிப்போனான். இடுப்பு எலும்பு கட்டுக்கு அடங்குகிற முறிவாக இல்லை. ஆபரேஷனுக்கு அம்மா ஒத்துக்கொள்ளவில்லை. படுக்கையில் விழுந்தவள் பதினான்கு மாதம் எழவே இல்லை.

நான் வேலை பார்க்கும் கல்லூரி வெளியூரில். சனிக்கிழமை வந்து ஞாயிறு சாயந்திரம் கிளம்பிவிடுவேன். அந்த வருஷம் பெண்ணியக் கருத்தரங்குகளில் இரண்டு கட்டுரை படித்தேன். வாரத்தின் மற்ற ஐந்தரை நாட்கள் அம்மாவைப் பார்த்துக்கொண்டது அண்ணி. அண்ணியும் தறிக்கொட்டகைக்குப் போகிறவள். முதலில் ஏஜென்சி மூலம் ஒரு பெண்ணை ஏற்பாடு செய்தோம். நாளுக்கு எண்ணூறு ரூபாய், அதில் ஏஜென்சிக்கு ஒரு பங்கு. இருபத்திரண்டாம் நாள் அவர் கிளம்பிவிட்டார். அதற்குள் அம்மாவின் வால் எலும்புப் பக்கம் தோல் சிவந்து, கறுத்து, பிளந்திருந்தது. அண்ணி எனக்குப் போன் செய்து அழுதாள். மறுநாள், யார் சொன்னார்களோ, அக்கா வந்தார். முன்வாசல் வழியாக.

அம்மா முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டாள். அக்கா கட்டிலுக்கு அருகில் தரையில் உட்கார்ந்து, "தொடலாமாம்மா?" என்று கேட்டார். பதில் இல்லை. அக்கா எழுந்து போகவில்லை, திரும்பக் கேட்கவும் இல்லை. அரை மணி நேரம் உட்கார்ந்தே இருந்தார் என்று அண்ணி சொன்னாள். கடைசியில் அம்மா, "ம்" என்றாள்.

தொடுவதற்கு முன் நோயாளியிடம் அனுமதி கேட்க வேண்டும் என்பது மருத்துவ ஒழுக்கம். அந்தக் கேள்விக்கு எங்கள் வீட்டில் வேறோர் அர்த்தமும் இருந்தது. அக்காவுக்கு அது தெரிந்திருந்தது. அம்மாவுக்கும்.

அதன்பின் நான் பார்த்ததைச் சொல்கிறேன். பராமரிப்பு என்றால் பொறுமையும் அன்பும் என்றுதான் நினைத்திருந்தேன். அது ஒரு கைத்தொழில். இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை ஆளைப் புரட்டிப் படுக்க வைக்க வேண்டும். இழுத்தால் தோல் உரியும், ஆகவே ஒரு கை தோளிலும் ஒரு கை இடுப்பிலும் கொடுத்து, உடம்பை ஒரே கட்டையாகத் திருப்ப வேண்டும். குதிகால் மெத்தையில் படாதபடி கெண்டைக்காலுக்கு அடியில் பழைய புடவையைச் சுருட்டி வைக்க வேண்டும். படுக்க வைத்துக் கஞ்சி கொடுக்கக் கூடாது. நிமிர்த்தி உட்கார வைத்துக் கொடுத்து, அரை மணி நேரம் அப்படியே சாய்த்து வைத்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் நுரையீரலுக்குள் போய்விடும். கழுவும்போது முன்னாலிருந்து பின்னால். மூத்திரப் பை எப்போதும் இடுப்புக்குக் கீழே. காலையில் முதல் வேலையாக முதுகு, இடுப்பு, குதிகால் மூன்றையும் வெளிச்சத்தில் பார்க்க வேண்டும். தறியில் பாவு அறுந்திருக்கிறதா என்று பார்ப்பதுபோலப் பார்ப்பார்.

இதையெல்லாம் எங்கே கற்றார்? நெஞ்சு நோயில் விழுந்த கணவரை ஆஸ்பத்திரியில் ஆறு மாதம் பார்த்துக்கொண்டபோது, நர்ஸுகள் செய்வதைக் கவனித்துக் கற்றார். கணவர் போன பிறகு சபையில் ஒரு பாட்டியைப் பார்த்துக்கொள்ளப் போனார். அதன்பின் நிற்கவே இல்லை. சபைக்காரர்களை மட்டும் என்று இல்லை. முருகனுக்குக் காவடி எடுத்தவர்கள், தர்காவுக்குப் போகிறவர்கள், எதுவும் வேண்டாம் என்கிற பழைய தொழிற்சங்கக்காரர் ஒருவர் எல்லாரும் அவர் கைக்கு வந்திருக்கிறார்கள். காலையில் தார்க் கூலிக்குப் போவார். பதினொரு மணிக்கு மேல் வீடு வீடாக. கைக்கு நிலையாக வருவது விதவை ஓய்வூதியம் மட்டும். தமிழ்நாட்டில் அது 2023இல்தான் 1,000 ரூபாயிலிருந்து 1,200 ஆனது.

அம்மாவின் புண் இரண்டரை மாதத்தில் ஆறியது. அம்மா மாறிவிட்டாள் என்று எழுத ஆசைதான். மாறவில்லை. கடைசிவரை அக்காவைப் பெயர் சொல்லி, வாடி போடி என்றுதான் கூப்பிட்டாள். காபி டம்ளரும் தனியாகத்தான் இருந்தது. ஒருநாள் அண்ணி அந்த டம்ளரையும் மற்றவற்றோடு சேர்த்துக் கழுவி, சேர்த்தே கவிழ்த்தாள். யாரிடமும் எதுவும் சொல்லவில்லை. படுக்கையிலிருந்து அம்மா பார்த்தாள். அவளும் எதுவும் சொல்லவில்லை. எங்கள் வீட்டில் நடந்த புரட்சி அவ்வளவுதான். அதைச் செய்தது பட்டம் வாங்கிய நான் இல்லை.

அம்மாவின் காரியம் முடிந்த மறுநாள் ஒரு கவரில் இருபதாயிரம் ரூபாய் வைத்து அக்காவிடம் நீட்டினேன். வாங்கவில்லை. நான் ஒரு சொற்பொழிவே நடத்தினேன். பெண்கள் செய்யும் பராமரிப்பு வேலையை அன்பு என்று சொல்லிச் சொல்லியே உலகம் இலவசமாக வாங்கிக்கொள்கிறது, நீங்கள் கூலி வாங்குவது உங்கள் உரிமை என்றேன். ஒன்றிய அரசின் 2019ஆம் ஆண்டு நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பைக்கூடச் சொன்னேன். வீட்டு வேலை செய்கிறவர்களில் ஒரு பெண் நாளுக்குச் சராசரியாக 299 நிமிடம் கூலியில்லாமல் செலவிடுகிறாள், ஆண் 97 நிமிடம். வீட்டில் உள்ளவர்களைப் பராமரிப்பதில் பெண் 134 நிமிடம், ஆண் 76. அக்கா முழுவதையும் கேட்டுவிட்டுச் சொன்னார்:

"அதெல்லாம் சரிதான் டீச்சர். காசு வாங்கியிருந்தா நான் வேலக்காரி. உங்கம்மா என்னப் பின்வாசல் வழியா வரச் சொல்லியிருப்பாங்க. வாங்காததுனால நான் ஊழியக்காரி. முன்வாசல் வழியா வந்தன். யாரும் ஒண்ணும் சொல்ல முடியல."

நான் கவரை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டேன்.

வேலைக்காரி, ஊழியக்காரி. இரண்டு சொல்லுக்கும் அகராதியில் பெரிய தூரம் இல்லை. அரசு ஊழியர் என்றால் மாதச் சம்பளமும் ஓய்வூதியமும் உள்ளவர். சபையில் ஊழியம் என்றால் கூலி எதிர்பாராத வேலை. தமிழ் பைபிளில் ரோமர் நிருபத்தின் கடைசி அதிகாரத்தில் பெபேயாள் என்ற பெண் வருகிறாள். கெங்கிரேயா ஊர்ச் சபையின் ஊழியக்காரி என்று அவளைப் பவுல் அறிமுகப்படுத்துகிறார். மூலத்தில் இருப்பது தியாகொனோஸ் என்ற கிரேக்கச் சொல். பவுல் தன்னையும் அப்பொல்லோவையும் குறிக்க அதே சொல்லைத்தான் வேறொரு நிருபத்தில் பயன்படுத்துகிறார். காலப்போக்கில் அந்தச் சொல் ஆண்களுக்குப் பதவியாக வளர்ந்தது, பெண்களுக்கு உதவியாகச் சுருங்கியது. அப்படிச் சுருங்கிப்போன சொல்லைத்தான் ஒரு தலித் பெண் கையில் எடுத்துக்கொண்டு, ஊர்த் தெருவின் முன்வாசல்களைத் திறந்திருக்கிறார். அதற்கான விலையைத் தன் கூலியிலிருந்து கொடுத்திருக்கிறார். பராமரிப்புக்குக் கூலி வேண்டும் என்ற நம் கோரிக்கை சரியானது. ஆனால் சாதி இருக்கும் தெருவில், கூலி வாங்கிய கையோடு மரியாதையும் போய்விடும் என்பதை நான் படித்த கட்டுரைகள் எனக்குச் சொல்லித்தரவில்லை.

சபை மேடையில் பொன்னாடையைப் பார்த்தபோது எனக்கு ழான் ஜுகான் நினைவுக்கு வந்தார். பிரான்சின் பிரித்தானி கடற்கரையில் கான்கால் என்ற ஊரில் 1792இல் பிறந்த மீனவர் மகள். அப்பா கடலோடு போனவர். சமையலறை வேலை, ஆஸ்பத்திரி வேலை என்று பிழைத்தவர். 1839ஆம் ஆண்டு குளிர்காலத்தில், நாற்பத்தேழாவது வயதில், பார்வையில்லாமல் நடக்கவும் முடியாமல் கிடந்த ஒரு விதவையைத் தூக்கிக்கொண்டு வந்து, தன் கட்டிலில் படுக்க வைத்துவிட்டு, தான் பரணில் போய்ப் படுத்துக்கொண்டார். ஏழைகளின் சிறிய சகோதரிகள் என்ற சபையின் தொடக்கம் அதுதான். கூடையை எடுத்துக்கொண்டு வீடு வீடாகப் பிச்சை கேட்டு முதியவர்களைக் காப்பாற்றினார்.

1843இல் சகோதரிகள் அவரைத் தலைவியாக மீண்டும் தேர்ந்தெடுத்தார்கள். லெ பாயர் என்ற இளம் பாதிரியார் அந்தத் தேர்தலைச் செல்லாது என்று அறிவித்து வேறு பெண்ணை நியமித்தார். 1845இல் பிரெஞ்சு அகாதெமி ழானுக்கு மோந்தியோன் பரிசு கொடுத்துப் பாராட்டியது. பரிசு வாங்கியபோது, தான் தொடங்கிய இல்லத்துக்கு அவர் தலைவி இல்லை. 1852இல் தலைமை மடத்துக்கு அழைத்துக்கொண்டார்கள். சாகும்வரை இருபத்தேழு வருஷம் அங்கே ஓர் ஓரத்தில் இருந்தார். சபையைத் தொடங்கியது பாதிரியார்தான், ழான் மூன்றாவதாகச் சேர்ந்தவர் என்று வரலாறு எழுதப்பட்டது. கூட வாழ்ந்த இளம் சகோதரிகளுக்கே அவர் யார் என்று தெரியாது. 1879இல் இறந்தார். 2009 அக்டோபர் 11 அன்று ரோமில் அவருக்குப் புனிதர் பட்டம் கொடுத்தார்கள். அவர் சபை 1882லேயே கொல்கத்தாவுக்கு வந்துவிட்டது. சென்னையிலும் அவர்கள் நடத்தும் முதியோர் இல்லம் இருக்கிறது.

பரிசு கொடுப்பதும் புனிதராக்குவதும் தவறு என்று சொல்ல வரவில்லை. பரிசு கொடுத்தவர்களும் பதவியைப் பறித்தவர்களும் ஒரே பெண்ணைப் பற்றி ஒரே சமயத்தில் பணிவானவள் என்று பேச முடிந்திருக்கிறது என்பதைத்தான் பார்க்கிறேன். எங்கள் மேடையிலும் அன்று அக்காவைப் பணிவின் உருவம் என்றார்கள். நானும் சொன்னேன். அவர் முட்டியைப் பற்றி யாரும் கேட்கவில்லை. அவர் விழுந்தால் அவரை யார் புரட்டிப் படுக்க வைப்பார்கள் என்றும் கேட்கவில்லை.

அந்தப் பேம்பர்ஸ் கட்டை வாங்கிக்கொண்டு மறுநாள் அக்காவின் வீட்டுக்குப் போனேன். அவர் வீட்டுக்கு நான் போனது அதுதான் முதல் முறை. நாற்பது வருஷத்தில் அவர் எங்கள் வீட்டுக்கு எத்தனை முறை வந்திருப்பார் என்று கணக்கில்லை. அவர் கொடுத்த டீயைக் குடித்தேன். "உங்களுக்கு என்னக்கா வேணும்?" என்று கேட்டேன்.

"ஆளு வேணும் டீச்சர்" என்றார். "நான் ஒண்டி. பதினோரு வூடு."

கேரளத்தில் இதை வேறு மாதிரி செய்திருக்கிறார்கள். கோழிக்கோடு மருத்துவக் கல்லூரியில் 1993இல் சில மருத்துவர்கள் தொடங்கிய வலி நிவாரண, நோய்த்தணிப்புச் சங்கம், கொஞ்ச வருஷங்களில் மலப்புரம் போன்ற மாவட்டங்களில் அக்கம்பக்கத்தாரின் அமைப்பாக மாறியது. தெருவில் உள்ளவர்களே பயிற்சி எடுத்துக்கொண்டு வாரத்தில் சில மணி நேரம் கொடுத்தார்கள். 2008இல் கேரள அரசு அதைக் கொள்கையாகவே அறிவித்தது. இன்று அங்கே உள்ளாட்சி அமைப்பின் செவிலியர் வீடு தேடி வருகிறார், பின்னால் தெருக்காரர்கள் இருக்கிறார்கள். தமிழ்நாட்டிலும் 2021 ஆகஸ்டில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவத்தில் மாத்திரையும் இயன்முறை சிகிச்சையும் நோய்த்தணிப்புப் பராமரிப்பும் வீட்டுக்கு வருகின்றன. நல்ல திட்டம். அவர்கள் வந்துபோன பிறகு மீதி இருபத்து மூன்று மணி நேரம் இருக்கிறது. அந்த நேரம் யாருடையது என்பதுதான் கேள்வி. இதுவரை அது வீட்டில் அண்ணியுடையது, ஊரில் அக்காவுடையது.

சபைக் கூடத்தில் ஒரு கூட்டம் போட்டோம். வருகிறோம் என்று பதினாறு பேர் சொன்னார்கள், ஏழு பேர் வந்தார்கள். என் அண்ணன் இரண்டு ஞாயிறு தாத்தாக்களுக்குச் சவரம் செய்துவிட்டான், மூன்றாவது ஞாயிறு தறி வேலை என்று நின்றுவிட்டான். சபையின் வாலிபன் ஒருவன் மட்டும் விடாமல் வருகிறான். அண்ணி வருகிறாள். தறிக்கொட்டகையிலிருந்து இரண்டு பெண்கள் அரைநாள் வேலையை விட்டுவிட்டு வருகிறார்கள்.

அந்த இரண்டு பெண்களைப் பற்றி அக்காதான் பேச்செடுத்தார். "அவளுங்களுக்குக் கூலி குடுக்கணும்" என்றார். நான் அவர் முகத்தைப் பார்த்தேன்.

"நான் வாங்கல. அது என் காலம். இவளுங்களுக்குக் காசும் குடுங்க, முன்வாசல் வழியாவும் கூப்புடுங்க. ரெண்டும் சேத்துக் குடுக்கத் தெரியாத வூட்டுக்கு ஆளு அனுப்ப மாட்டன்."

முடிந்த வீடுகள் கொடுக்கின்றன. முடியாத வீடுகளுக்கு நாங்கள் சிலர் மாதம் கொஞ்சம் போடுகிறோம். அம்மாவுக்காக வைத்த அந்தக் கவர் அப்படித்தான் செலவாகிறது. இரண்டு வீடுகள் நிபந்தனையைக் கேட்டுவிட்டு வேண்டாம் என்றன. அந்த இரண்டு வீட்டு முதியவர்களையும் அக்காவே போய்ப் பார்க்கிறார். "வூட்டுக்காரங்க பண்றதுக்குப் படுத்துக்கினு கீறவங்க இன்னா பண்ணுவாங்க" என்கிறார். இதில் எனக்கு உடன்பாடு இல்லை. அவரோடு சண்டை போட்டேன், போட்டுக்கொண்டும் இருக்கிறேன்.

எனக்குச் சனிக்கிழமை முறை. தார் சுற்றும் ஆயா. எண்பது வயதுக்கு மேல். கண் தெரியவில்லை, விரல் மட்டும் இன்னும் ராட்டை சுற்றுவதுபோல் போர்வையில் அசைந்துகொண்டே இருக்கும். முதல் சனிக்கிழமை நான் அவரைப் புரட்டியபோது, "இழுக்காதீங்க டீச்சர், தோளுக்கு அடியில கையக் குடுங்க" என்று அக்கா மூன்று முறை திருத்தினார். நான்காவது முறை சரியாக வந்தது. ஆயாவுக்கு வலிக்கவில்லை.

அக்கா அன்று கட்டிலுக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, முட்டியை நீவிக்கொண்டே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு நோயாளியின் வீட்டில் அவர் நாற்காலியில் உட்கார்ந்து நான் பார்த்தது அன்றுதான்.